கொழும்புப் பெட்டியில் வந்த மூன்று கன்னியர்

தங்கச்சி,

ஆகாயத்திலிருந்து அமெரிக்காக்காரனின் ஸ்கைலாப் விழப்போகிறது என்று ஊரே கழுத்தை நிமிர்த்திக்கொண்டு நடந்த வருஷம் அது. ரோமாபுரியில் ஒரே வருஷத்துக்குள் இரண்டு பாப்பரசர்கள் மறைந்து மூன்றாமவர் வந்தாரே, அதற்கு அடுத்த வருஷம். கொழும்பில் முதன்முதலாகப் பெட்டிக்குள் படம் காட்ட ஆரம்பித்ததும் அந்த வருஷம்தான். எண்ணாகச் சொல்ல எனக்கு வராது என்பது உனக்குத் தெரியும். எழுத்துப் படிக்காதவன் வருஷத்தை இப்படி முடிச்சுப் போட்டுத்தான் வைத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. அந்த முடிச்சு இன்று சாயங்காலம் தானாக அவிழ்ந்துவிட்டது.

பேத்தி டி.வி. பார்த்துக்கொண்டிருந்தாள். நான் கட்டிலில் சாய்ந்தபடி பாதிக் கண்ணை மூடியிருந்தேன். ஆள் நடிக்கிற படம் இல்லை, வரைந்த படம். மூன்று பெண்பிள்ளைகள், பள்ளிக்கூடம் விட்டு வருகிற வயசு. ஒருத்தி பறக்கிறாள். ஒருத்தி கையை நீட்டினால் வெளிச்சம் வருகிறது. மூன்றாமவள் பாலத்தின் மேல் ஏறி நின்று கடலுக்குள் குதித்தாள். நீலச் சட்டை போட்டிருந்தாள்.

"அது மஞ்சள்லா இருக்கணும்" என்று என் வாய் சொல்லிவிட்டது.

பேத்தி திரும்பிப் பார்த்தாள். "உங்களுக்கு இந்தக் கதை தெரியுமா தாத்தா?"

தெரியும் என்றால் முடிவைச் சொல்லச் சொல்வாள். தெரியாது என்றால் அது பொய். மருமகளைக் கூப்பிட்டு, ஒரு தாள் எடுத்து நான் சொல்வதை எழுது என்றேன். "யாருக்கு மாமா?" என்றாள். "என் தங்கச்சிக்கு" என்றேன். பேனாவைப் பிடித்தபடி கொஞ்ச நேரம் என்னையே பார்த்தாள். நீ கல்லறைக்குப் போய் வெகுகாலம் கழித்துப் பிறந்தவள் அவள். பிறகு தாளை மடியில் வைத்து உட்கார்ந்துவிட்டாள். என் பேச்சைத் திருத்தித்தான் எழுதுவாள். ஆட்கள் பேசினதை மட்டும் பேசினபடியே எழுது என்று சொல்லியிருக்கிறேன்.

அப்போது நமக்குக் கடலோரம் திரேஸ்புரத்தில் வீடு. அப்பா இல்லை. நான் தோணியில் ஏறிச் சில வருஷம் ஆகியிருந்தது. பாய் விரித்து ஓடுகிற தோணி, எஞ்சின் கிடையாது. வெங்காயமும் மிளகாய் வற்றலும் ஏற்றிக்கொண்டு கொழும்புக்குப் போவோம். சரக்கு இறங்கும்வரை அங்கே கிடப்போம். காற்று கிடைத்தால் திரும்புவோம். நீ பத்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை நிறுத்தியிருந்தாய். நிறுத்தியது நாங்கள் இல்லை, உன் மூச்சு. சின்ன வயசில் வந்த மூட்டுக்காய்ச்சல் இருதயத்தில் போய் உட்கார்ந்துவிட்டது என்றார் டாக்டர். மெட்ராசுக்குக் கொண்டுபோய் ஆபரேஷன் செய்ய வேண்டும், ஆனால் அதற்கு முன்னால் காலில் இருக்கிற நீர் வற்றி உடம்பு கொஞ்சம் தேற வேண்டும், இப்போது கத்தி வைத்தால் தாங்காது என்றார். "தேறுனதும் கூட்டிட்டு வாங்க, எழுதித் தாரேன்" என்றார். அந்தத் 'தேறுனதும்' என்ற ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டுதான் நாம் அந்த வருஷத்தை ஓட்டினோம்.

உன்னைப் பார்க்க இரண்டு பேர் தினமும் வருவார்கள். ஒருத்தி பக்கத்து வீட்டுப் பிலோமினா. அவளுக்கு வலை பின்னுகிற கையும் ஓயாது, வாயும் ஓயாது. இன்னொருத்தி எஸ்தர், அடுத்த தெருவுக்கு வாடகைக்கு வந்திருந்த வாத்தியார் மகள். நாசரேத்துப் பக்கம். அவர்களும் கிறிஸ்தவர்கள்தான், ஆனால் வேறு சபை; புனிதர்களைக் கும்பிடுவதில்லை. நம் வீட்டுச் சுவரில் இருந்த படங்களை முதல்நாள் அவள் ஏதோ கண்காட்சிக்கு வந்தவள்போலப் பார்த்தது எனக்கு ஞாபகம் இருக்கிறது. மூன்று பேரும் ஒரே வகுப்பில் இருந்தவர்கள். நீ நின்ற பிறகும் அவர்கள் பள்ளிக்கூடத்தை உன் கட்டிலுக்குக் கொண்டுவந்து கொட்டிவிட்டுத்தான் வீட்டுக்குப் போவார்கள்.

அந்தச் சித்திரையில்தான் நான் அந்தப் பெட்டியைப் பார்த்தேன். கொழும்பில் புறக்கோட்டைக் கடைத் தெருவில் ரேடியோ விற்கிற ஒரு காயல்பட்டினத்து முதலாளி, கடைக்குள் இருந்த டி.வி.யைச் சாயங்காலமானால் தெருவைப் பார்த்துத் திருப்பி வைப்பார். தெருவே அடைத்துக்கொண்டு நிற்கும். சுமை தூக்குகிறவர்கள், எங்களைப் போன்ற தோணிக் கலாசிகள், புத்த சாமியார்கள், எல்லோரும் ஒன்றாக அண்ணாந்து நிற்போம். வாரத்தில் ஒரு நாள் அந்த மூன்று பெண்கள் வருவார்கள். வரைந்த படம் என்று எனக்குத் தெரிந்தது. ஆனால் வரைந்த படம் மூச்சு வாங்குவதை அன்றைக்குத்தான் பார்த்தேன். அந்தத் தொடரின் பேர் இன்றுவரை எனக்குத் தெரியாது.

வீட்டுக்கு வந்ததும் உங்கள் மூன்று பேரையும் உட்காரவைத்துச் சொன்னேன். நினைவிருக்கிறதா, முதலில் நீ கேட்டது கதையை இல்லை.

"என்ன கலர்ல சட்ட போட்டிருந்தாவ?"

"அது கறுப்பு வெள்ளப் பெட்டிளா. சாம்பக் கலர்தான்."

"சாம்பக் கலர்ல யாராவது பறப்பாவளா? சொல்லுண்ணே."

சொன்னேன். பறக்கிறவளுக்குச் சிவப்பு, வெளிச்சக்காரிக்கு வெள்ளை, தண்ணீருக்குள் மூச்சு விடுகிறவளுக்கு மாம்பழ மஞ்சள். உடனே பங்கு பிரித்துக்கொண்டீர்கள். "பறக்குறவ நான்தான், சொல்லிட்டேன்" என்று பிலோமினா முந்திக்கொண்டாள். எஸ்தர் வெளிச்சத்தை எடுத்துக்கொண்டாள். நீ கடைசியாக, "தண்ணிக்குள்ள மூச்சு விடுதவள எனக்குக் குடுங்க, வெளியிலதான் நமக்கு வரமாட்டேங்குதே" என்றாய். பிலோமினாதான் முதலில் சிரித்தாள். பிறகுதான் நாங்கள் சிரித்தோம்.

அவர்கள் பேசுவது இங்கிலீஷ். எனக்கு அர்த்தம் தெரியாது. ஆனால் ஒருதரம் காதில் விழுந்த சத்தத்தை அப்படியே திருப்பிச் சொல்ல எனக்கு வரும். கொச்சித் துறைமுகத்தில் கேட்ட திட்டு வார்த்தைகள்கூட இன்னும் வரிசையாக வரும். அந்தப் பெண்களின் பேச்சையும் அப்படியே நாக்கில் வைத்துக் கடல் தாண்டிக் கொண்டுவந்தேன். நான் சத்தத்தைச் சொல்வேன், எஸ்தர் கண்ணை மூடிக் கேட்டு அர்த்தம் சொல்வாள்.

"ஒருத்தி மாட்டிக்கிட்டா மத்த ரெண்டு பேரும் ஒரே மாதிரி கத்துதாவ. ஹோல்ட் ஆன், வி ஆர் கம்மிங்."

"பிடிச்சிக்கிட்டே இரு, நாங்க வந்துக்கிட்டிருக்கோம்னு அர்த்தம் அண்ணே."

அதிலிருந்து அதுதான் உங்கள் கூப்பாடு. நீ கொல்லையிலிருந்து வீட்டுக்குள் ஏறுவதற்குள் சுவரைப் பிடித்துக்கொண்டு நிற்பாய். பிலோமினா மதிலுக்கு அந்தப் பக்கமிருந்து, "ஹோல்ட் ஆன் ளா!" என்று தெருவுக்கே கேட்கக் கத்துவாள்.

இரண்டாவது பயணம் போய்வந்து நான் கதை சொன்ன அன்றுதான் அந்தக் காரியம் நடந்தது. அம்மா குசினியில் இருந்தாள். புயலில் முங்கப்போன கப்பலை மூன்று பெண்களும் தூக்கிக் கரையில் வைத்த கட்டத்தை நான் சொல்லிக்கொண்டிருந்தேன். வானத்திலிருந்து இறங்குகிறார்கள், தலைக்குப் பின்னால் வெளிச்சம் வட்டமாக நிற்கிறது, கப்பலில் இருந்தவர்கள் முழங்காலில் விழுகிறார்கள் என்று சொன்னேன். கூட்டிச் சொல்லவில்லை, அப்படித்தான் வரைந்திருந்தார்கள். அம்மா கையில் கரண்டியோடு வந்து நின்றாள். முகத்தில் சிலுவை போட்டுக்கொண்டாள்.

"எய்யா, இது யாருக்குக் காட்சி குடுத்தாவ?"

எனக்கு விளங்கவில்லை. பிலோமினாவுக்கு விளங்கிவிட்டது. "கொழும்புல எல்லாருக்கும்தான் பெரியம்மா. கடை வாசல்ல நின்ன அத்தன பேருக்கும்" என்றாள்.

"கன்னியரா?"

"கன்னியர்தான். ஒருத்திக்கும் இன்னும் கல்யாணம் ஆகல."

நீ தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டாய். அம்மா அதையும் பக்தி என்று நினைத்தாள். "பேரென்ன?" என்று கேட்டாள். எனக்குப் பேர் தெரியாது என்பதால் எல்லோரும் ஒரு நொடி விழித்தோம். பிலோமினா சளைக்காமல் உங்கள் மூன்று பேருடைய பேரையும் வரிசையாகச் சொன்னாள். அம்மாவுக்கு அதில் சந்தேகமே வரவில்லை. ஞானஸ்நானத்தில் வைக்கிற பேரெல்லாம் மோட்சத்தில் இருக்கிற ஒருவருடைய பேர்தானே. "அதான் ஒங்களுக்கும் அந்தப் பேரே அமைஞ்சிருக்கு" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். குசினியில் கரண்டிச் சத்தம் நின்று, முணுமுணுப்புக் கேட்டது.

எஸ்தர் வெளிறிப்போனாள். "ஏளா பிலோமி, எங்கப்பாவுக்குத் தெரிஞ்சா தோல உரிச்சிருவாவ. நாங்க புனிதர்களயே கும்புடமாட்டோம். இப்ப என்னையே கும்புடுதாவ!"

நாளைக்குச் சொல்லிவிடலாம் என்றுதான் இருந்தோம். ஆனால் அன்றைக்கு அம்மா மூன்று மெழுகுவர்த்தி ஏற்றினாள். அந்த வாரமே உன் கால் வீக்கம் வடிய ஆரம்பித்தது. டாக்டர் மாற்றிக் கொடுத்த மாத்திரை வேலை செய்தது என்று நான் நினைத்தேன். அம்மாவிடம் அதைச் சொன்னதற்கு, "மாத்திரைய வேல செய்ய வச்சது யாருலே?" என்று கேட்டாள். நீ சுவரைப் பிடிக்காமல் கொல்லைக்குப் போய்வந்தாய். அதற்குப் பிறகு அந்தப் பேச்சை யார் எடுப்பது?

அம்மா நேர்ச்சை நேர்ந்துகொண்டு மாதா கோயிலுக்கே போய்விட்டாள். மெழுகுவர்த்தி தூக்க என்னையும் கூட்டிப்போனாள். சாமியாருக்கு உதவியாகக் கோயில் காரியம் பார்க்கிற உபதேசியார் வாசலில் நின்றார்.

"யாருக்கு இது?"

"மூணு கன்னியருக்கு."

"எந்த மூணு கன்னியரும்மா?"

"கொழும்புல இப்பம் காட்சி குடுக்காவளே, அவங்களுக்கு. எம் மவன் கண்ணால பாத்துட்டு வந்திருக்கான்."

உபதேசியார் என்னைப் பார்த்தார். நான் அம்மாவைப் பார்த்தேன். அவள் முகம் அப்பா இருந்த காலத்தில் இருந்ததுபோல இருந்தது. உபதேசியாரும் அதைப் பார்த்திருக்க வேண்டும். "சரி, மாதா பாதத்துலயே வச்சிரு. அவங்க மூலமாப் போய்ச் சேரும்" என்று சொல்லி அனுப்பிவிட்டார்.

வைகாசி முடிந்து, மேற்கேயிருந்து அடிக்கிற கச்சான் காற்று எடுத்துவிட்டது. அந்த மாதங்களில் தோணி ஓடாது. கரையில் இழுத்துக் கட்டிவிடுவார்கள். கொழும்பும் இல்லை, பெட்டியும் இல்லை. கதையை நீங்களே ஓட்டினீர்கள். ஏரலில் ஆறு பெருகி ஆற்றுக்குள் இறங்கிய பஸ்ஸைப் பிலோமினா கூரையைப் பிடித்துத் தூக்கினாள். கணக்குப் பரீட்சைத் தாள் இருந்த அலமாரியை எஸ்தர் வெளிச்சம் அடித்தே திறந்தாள். நீ முத்துச்சிப்பி விளைகிற பழைய பார் வரைக்கும் நடந்தே போனாய், கடலுக்கு அடியில், செருப்புப் போட்டுக்கொண்டு. "செருப்பு எதுக்குளா?" என்று கேட்டேன். "சிப்பி குத்தும்லா" என்றாய்.

அப்போதுதான் ஸ்கைலாப். இன்ன நாள் விழும், எங்கே விழும் என்று தெரியாது என்று ரேடியோ சொன்னது. சாகும்முன் தின்றுவிடுவோம் என்று தெருவில் கோழியெல்லாம் குழம்பாகிவிட்டது. எங்கள் தண்டல், தோணியை ஓட்டுகிற பெரிய மனுஷன், புயலுக்குப் பயப்படாத ஆள், கட்டிலை முற்றத்திலிருந்து உள்ளே தூக்கிப் போட்டுக்கொண்டார். அம்மா மட்டும் அசையவில்லை. "எங்க ஆளுவ மூணு பேர் இருக்காவ. பிடிச்சிக்கிடுவாவ" என்றாள். நீங்கள் மூன்று பேரும் கடற்கரையில் உட்கார்ந்து வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள். பிலோமினா முந்தானையை ஏந்திப் பிடித்திருந்தாள், மாங்காய் விழப்போகிறது என்பதுபோல.

அது இந்துமகா சமுத்திரத்திலும் ஆஸ்திரேலியாப் பக்கமும் சிதறி விழுந்தது. சேதி வந்ததும் அம்மா தெருவில் இறங்கி நின்று சொன்னாள்: "பாத்தியளா, ஆளில்லாத எடமாப் பாத்துக் கடல்ல கொண்டு போட்டுட்டாவ." அன்று சாயங்காலம் தெருவில் பாதிப் பெண்கள் நம் வீட்டு வாசலில் ஜெபமாலையோடு வந்து நின்றார்கள். எஸ்தர் கொல்லை வழியாக ஓடியே போய்விட்டாள்.

சிரிப்பு அதோடு முடிந்தது.

ஆவணியில் வீக்கம் மறுபடி வந்தது. டாக்டர் மாத்திரையைக் கூட்டினார், மாற்றினார், பிறகு கையைக் கழுவித் துடைத்துக்கொண்டே, "கொஞ்சம் தேறட்டும்" என்றார். முன்னே சொன்ன குரலில் இல்லை. நீ படுக்க முடியாமல், முதுகுக்குத் தலையணைகளை அடுக்கி உட்கார்ந்தபடியே இருந்தாய். அம்மா தினமும் ஜெபமாலை முடித்ததும் அந்த மூன்று பேரையும் கூப்பிடுவாள். "எஸ்தரே, பிலோமினாளே," பிறகு உன் பேர். உன் பேரை நான் இங்கே எழுதச் சொல்லவில்லை; அது அம்மா கூப்பிட்ட இடத்திலேயே இருக்கட்டும். "நீங்க மூணு பேரும் எம் பிள்ளையக் காப்பாத்திக் குடுங்க. ஒங்களால முடியாதது இல்ல." முழங்காலில் நின்று, கையை விரித்து, உன் கட்டிலுக்குப் பக்கத்திலேயே நின்று கேட்பாள். நீ கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பாய்.

ஒருநாள் அம்மா எழுந்து போனதும் என்னைப் பக்கத்தில் கூப்பிட்டாய்.

"அண்ணே, அம்மா என்கிட்டதான கேக்குதா?"

"என்னளா சொல்லுத?"

"தெனமும் என் பேரச் சொல்லி, என்னையக் காப்பாத்தச் சொல்லி, என்கிட்டயே கேக்குதா. நான் என்னத்தண்ணே செய்ய? தெரிஞ்சாச் செய்யமாட்டனா?"

சிரித்துக்கொண்டுதான் சொன்னாய். பாதியில் மூச்சு முட்டிக்கொண்டது. மிச்சச் சிரிப்பு வரவில்லை.

"அம்மாட்ட சொல்லிருவோமா?" என்றேன்.

"வேண்டாம். அதையும் வாங்கிட்டா அவ எதப் பிடிச்சிக்கிட்டு இருப்பா?" தலையணையில் சாய்ந்துகொண்டு, "எனக்குத்தான் கூச்சமா இருக்குண்ணே. கேட்டுக் கேட்டு, கெடைக்கலன்னா என் மேலதான கோவப்படுவா" என்றாய்.

கடலில் எவ்வளவோ பார்த்திருக்கிறேன். பாய்மரம் முறிந்து பார்த்திருக்கிறேன், கூட வந்தவன் அலைக்குள் போனதைப் பார்த்திருக்கிறேன். அந்த நேரத்தில்கூடக் கைக்கு ஏதாவது வேலை இருக்கும், கயிற்றையாவது இழுப்போம். உன் கட்டிலுக்குப் பக்கத்தில் என் கை சும்மா கிடந்தது. லேஞ்சித் துணியை எடுத்து உன் நெற்றியைத் துடைத்தேன். வேர்த்திருக்கவில்லை. ஆனாலும் துடைத்தேன்.

காற்று மாறியதும் தோணி கிளம்பியது. அந்தப் பயணத்தில் நான் பார்த்த கதையைச் சொல்லலாமா என்று வழியெல்லாம் யோசித்துக்கொண்டு வந்தேன். மஞ்சள் சட்டைக்காரி கடலுக்கு அடியில் மாட்டிக்கொண்ட ஆட்களை எடுக்கப் போகிறாள். எல்லோரும் மேலே வந்துவிடுகிறார்கள். அவள் வரவில்லை. மற்ற இரண்டு பேரும் தண்ணீரைப் பார்த்து நிற்கிறார்கள். அதோடு முடித்துவிட்டார்கள். வேறு கதை சொன்னால் கண்டுபிடித்துவிடுவாய் என்று உள்ளதையே சொன்னேன். எஸ்தர் அழுகிற மாதிரி ஆகிவிட்டாள். பிலோமினா, "இது என்ன கேவலமான முடிவு?" என்று அந்தக் கொழும்புக்காரர்களைத் திட்டினாள். நீதான் தெளிவாக இருந்தாய்.

"முடிவு இல்லளா. அடுத்த வாரம் வருவா. எல்லாத்தையும் தூக்கி விட்டவ, தான் மட்டும் அங்கனயா கெடப்பா? அண்ணே, போய்ப் பாத்துட்டு வா."

அடுத்த பயணத்துக்கு நான் போகவில்லை என்றுதான் தண்டலிடம் சொல்லியிருந்தேன். நீ விடவில்லை. "இங்கன இருந்து நீ என்ன செய்யப் போற? என் மொகத்தப் பாத்துக்கிட்டு இருப்ப. அங்கன போனா முடிவாவது தெரியும்" என்றாய். நீ சொன்னது உண்மை. போனேன்.

அவள் மேலே வந்துவிட்டாள், தங்கச்சி. கூட்டத்தில் இடிபட்டுக்கொண்டு பார்த்தேன். பறக்கிறவள் கயிற்றை இறக்கினாள். வெளிச்சக்காரி தண்ணீருக்குள் கடைசிவரைக்கும் வெளிச்சத்தை விட்டாள். இரண்டு பேரும் சேர்ந்து, "ஹோல்ட் ஆன்" என்று கத்தினார்கள். கயிறு முதலில் தொளதொளவென்று வந்தது, பிறகு இறுகியது. அவள் வந்தாள். நான் தெருவில் நின்று கைதட்டினேன். பக்கத்தில் நின்ற சிங்களவரும் தட்டினார்.

சரக்கு இறக்கித் தோணி கிளம்பியது. பாதிக் கடலில் காற்று நின்றது. அந்த மாதத்தில் அப்படி நிற்கும். பழைய காற்று போயிருக்கும், புதுக் காற்று பிடித்திருக்காது. எண்ணெய் ஊற்றினதுபோலக் கடல் கிடந்தது. பாய் துணியாகத் தொங்கியது. வாயில் உனக்கான சேதி இருக்கிறது, காலுக்குக் கீழே தோணி நகரவில்லை. மற்றவர்கள் சீட்டாடினார்கள். நான் பாயையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"என்னலே, மொறச்சிப் பாத்தா அது ஊதிக்கிடுமா?" என்றார் தண்டல். பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு, அவரும் பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொண்டார். "வந்துரும்லே. வராம எங்கன போகும்" என்றார். அவருக்கும் செய்ய ஒன்றும் இல்லை.

அப்போது நான் கேட்டேன். அந்த மூன்று பேரும் யார் என்று தெரிந்தவன், பிலோமினா பேர் வைத்தபோது கூடவே இருந்தவன், தோணியின் முன்முனையில் நின்று அம்மா சொல்கிற அதே வரிசையில் கூப்பிட்டேன். எஸ்தரே, பிலோமினாளே, பிறகு உன்னை. உன்னிடம் வந்து சேர, உன்னிடமே காற்றுக் கேட்டேன். நீ அன்றைக்கு ஏன் கூச்சப்பட்டாய் என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது. ஆனாலும் கேட்பதை நிறுத்த முடியவில்லை.

மறுநாள் காலையில் கிழக்கேயிருந்து கொண்டல் காற்று எடுத்தது. நல்ல காற்று. பாய் நிறைந்து ஓடியது. தண்டல் என் முதுகில் தட்டினார். கரைக்கு வந்த பிறகுதான் கணக்குத் தெரிந்தது: அது நீ போனதற்கு அப்புறம் வந்த காற்று.

பிலோமினா கடற்கரையில் நின்றாள். தலையை வாரியிருக்கவில்லை.

"நேத்தே அடக்கம் பண்ணிட்டோம் அண்ணே. ஒங்களுக்காக வச்சிப் பாத்தோம், முடியல."

வீடுவரைக்கும் கூட நடந்து வந்தாள். மதில் பக்கம் வந்ததும் நின்றாள். "கடைசில மூச்சு ரொம்ப வாங்குச்சி. நான் கையப் பிடிச்சிக்கிட்டு ஹோல்ட் ஆன்னு சொன்னேன். தலைய ஆட்டுனா" என்றாள். பிறகு மதிலில் கையை வைத்துக்கொண்டு, என்னைப் பார்க்காமல் கேட்டாள்.

"அண்ணே, அவ மேல வந்தாளா?"

"வந்துட்டா."

"ரெண்டு பேரும் பிடிச்சி இழுத்தாவளா?"

"இழுத்தாவ. விடல."

பிலோமினா அப்போதுதான் அழுதாள்.

அம்மா அவர்கள் மேல் கோபப்படுவாள் என்று நீ நினைத்தாயே, படவில்லை. அன்று சாயங்காலமும் முழங்காலில் நின்றாள். அதே மூன்று பேர், அதே வரிசை. உன் பேர் வந்த இடத்தில் குரல் கொஞ்சமும் மாறவில்லை. கேட்பதை மட்டும் மாற்றியிருந்தாள். "எம் பிள்ளையக் காப்பாத்திக் குடுங்க" என்பது போய், "எம் பிள்ளைய ஒங்க கூடவே வச்சிக்கிடுங்க" என்றாள். அவர்கள் யார் என்று அவளுக்கு எப்போதாவது தெரிந்ததா, முதல் நாளிலிருந்தே தெரியுமா, தெரியவே தெரியாதா? சாகும்வரைக்கும் அவளிடம் நான் கேட்கவில்லை. ஒருதரம், பல வருஷம் கழித்து, எஸ்தர் பிள்ளைகளோடு வந்திருந்தாள். சாத்தான்குளத்தில் டீச்சராக இருந்தாள். அம்மா ஜெபத்தில் அவள் பேரைச் சொன்னபோது, எந்தப் புனிதரையும் கும்பிடாத எஸ்தர் எழுந்து நின்று தலையைக் குனிந்துகொண்டாள். கொரோனாவில் எஸ்தரும் போய்விட்டாள். போய்ப் பார்க்கக்கூட விடவில்லை.

பிறகு நான் சில பயணம் கொழும்புக்குப் போனேன். அந்தக் கடைத் தெருவுக்குப் போகவில்லை. இப்போது அந்தப் பெட்டி என் வீட்டுக்குள்ளேயே இருக்கிறது, எல்லாக் கலரிலும்.

பேத்தி இப்போது கட்டிலுக்குப் பக்கத்தில் வந்து நிற்கிறாள். அந்த நீலச் சட்டைக்காரி தண்ணீருக்குள் போனவள் இன்னும் வரவில்லையாம், நாளைக்குத்தான் மிச்சமாம். "வருவாளா தாத்தா?" என்கிறாள். வருவா என்று சொன்னேன். அவ்வளவுதான் எனக்குத் தெரிந்தது.

அம்மாவுக்குப் பிறகு அந்த ஜெபம் என்னிடம் வந்துவிட்டது. விளக்குப் போட்டதும் சொல்லிவிடுவேன். அம்மாவைப்போல எதையும் கேட்பதில்லை. கேட்க எனக்குக் கூச்சமாக இருக்கிறது. பேர்களை மட்டும் சொல்கிறேன். போன மாதம் முத்தையாபுரத்துக்குப் பஸ் ஏறிப்போய்ப் பறக்கிறவளிடம் இதைச் சொன்னேன். தன் மகன் வீட்டு வாசலில் காலை நீட்டி உட்கார்ந்து முழங்காலுக்குத் தைலம் தேய்த்துக்கொண்டிருந்தவள், நிமிர்ந்து பார்த்து, "இன்னுமா என் பேரச் சொல்லுதிய? எந்திரிச்சி நிக்கவே என்னால முடியல, இதுல நான் எங்கன பறந்து வர?" என்றாள். சொல்லிவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டாள். பஸ் வரும்வரைக்கும் விடவில்லை.

இன்றைக்கும் விளக்குப் போட்டாயிற்று. எஸ்தர். பிறகு நீ. கடைசியாக, இந்தக் கரையில் இன்னும் பிடித்துக்கொண்டே இருக்கிற ஒருத்தி, பிலோமினா.